751ஆம் பக்கம் இல்லாத நெக்ரோனோமிகான்

கறுப்பு அட்டை, நடுவில் ஒரு விசித்திரமான முத்திரைக் குறி, 'நெக்ரோனோமிகான்' என்று பெயர். ஆன்லைனில் ஒரு கடையில் வாங்கினேன். பிரித்த அன்றைக்கே முதுகுப் பசை விட்டுப்போய் ஏழெட்டுத் தாள்கள் கையோடு வந்துவிட்டன. திருப்பி அனுப்பும்போது கோபத்தைவிடச் சிரிப்புதான் வந்தது. அமெரிக்கத் திகில் எழுத்தாளர் எச். பி. லவ்கிராஃப்டின் 'டன்விச் ஹாரர்' கதையில் வரும் வில்பர் வேட்லியிடமும் இதே புத்தகத்தின் குறைப்பிரதிதான் இருக்கும். தன் பிரதியில் இல்லாத 751ஆம் பக்கத்து மந்திரத்தைத் தேடி மிஸ்கடானிக் பல்கலைக்கழக நூலகத்துக்கு வருவான், நூலகர் தர மாட்டார், ராத்திரியில் திருட நுழைந்து காவல் நாயிடம் கடிபட்டுச் சாவான். எனக்கு அந்தக் கஷ்டம் இல்லை, நாலே நாளில் மாற்றுப் பிரதி வந்துவிட்டது.

சரி, புத்தகத்துக்கு வருவோம். நெக்ரோனோமிகான் என்று ஒரு பழைய மந்திர நூல் உலகத்தில் எங்கும் கிடையாது. லவ்கிராஃப்ட் 1920களில் தன் கதைகளுக்காகக் கட்டிவிட்ட சரக்கு அது. ஆனால் மனிதர் கட்டிய விதம் இருக்கிறதே! 1927இல் அந்தக் கற்பனை நூலுக்கு ஒரு சரித்திரமே எழுதி வைத்தார், சில பக்கங்கள்தான். ஏமனைச் சேர்ந்த அப்துல் அல்ஹஸ்ரத் என்ற பித்துப்பிடித்த கவிஞன் டமாஸ்கஸில் உட்கார்ந்து எழுதியதாம், அசல் பெயர் 'அல் அஸிஃப்', ராத்திரிப் பூச்சிகளின் இரைச்சல், அதாவது பேய்களின் ஊளை. 738இல் பட்டப்பகலில், பலர் பார்க்க, கண்ணுக்குத் தெரியாத ஏதோ ஒன்று அவனைப் பிடித்துத் தின்றுவிட்டதாம். 950இல் கிரேக்க மொழிபெயர்ப்பு, 1228இல் லத்தீன், 1232இல் போப்பாண்டவரின் தடை. லத்தீனில் பெயர்த்தவராக அவர் சொல்லும் ஓலாஸ் வோர்மியஸ் நிஜ மனிதர்தான், ஆனால் 17ஆம் நூற்றாண்டு டென்மார்க் மருத்துவர், நானூறு வருஷம் முன்னால் தள்ளி உட்கார வைத்துவிட்டார். பிரதிகள் இருக்கும் இடங்களின் பட்டியலில் பிரிட்டிஷ் மியூசியம், ஹார்வர்ட் நூலகம் என்று நிஜப் பெயர்களுக்கு நடுவே தன் கற்பனைப் பல்கலைக்கழகமான மிஸ்கடானிக்கையும் சொருகினார். அரபி தெரிந்தவர்களுக்கு மட்டும் 'அப்துல் அல்ஹஸ்ரத்' என்ற பெயரிலேயே குட்டு உடைந்துவிடும், அதில் 'அல்' என்ற முன்னொட்டு இரண்டு தடவை வருகிறது ('அப்துல்'லின் கடைசி 'உல்'லும் அதேதான்). சின்ன வயதில் ஆயிரத்தொரு இரவுகள் படித்துவிட்டுத் தனக்குத்தானே வைத்து விளையாடிய பெயராம்.

இவ்வளவு செய்தவர் அந்த நூலை மட்டும் எழுதவில்லை. கதைகளில் அங்கங்கே நாலு வரி, ஒரு பத்தி, அவ்வளவுதான். யாராவது முழுசாக எழுதினால், துண்டு துண்டாகப் படித்து நடுங்கியவர்களுக்கு ஏமாற்றம்தான் மிஞ்சும் என்று கடிதத்தில் சொல்லியிருக்கிறார்.

அதைக் கேட்காதவர்கள் செய்த சரக்குதான் என் கையில் இருப்பது. 'சைமன்' என்று மட்டும் பெயர் போட்டுக்கொண்ட ஒருவர் 1977இல் நியூயார்க்கில் கொண்டுவந்தது, முதல் பதிப்பு தோல் அட்டையில் சரியாக 666 பிரதிகள் (வியாபாரம் தெரிந்தவர்கள்), 1980இல் மலிவு பேப்பர்பேக் வந்து அமோகமாக விற்றது. இதுதான் நிஜமான பழைய சுவடி என்று கொஞ்சமும் கூசாமல் சொல்கிறது. மந்திரம் தொடங்குவதற்கு முன்பே முன்னுரை, குறிப்பு, எச்சரிக்கை என்று பக்கம் பக்கமாக ஓடுகிறது. எச்சரிக்கைப் பகுதியை மட்டும் ராத்திரியில் படித்தேன், கொஞ்சம் வேலை செய்தது என்று ஒத்துக்கொள்கிறேன்.

உள்ளே என்ன? பெரும்பாலும் மெசபடோமியா, அதாவது பழங்கால ஈராக். பாபிலோனின் பெரிய கடவுள் மர்தூக்கின் ஐம்பது பெயர்கள், இஷ்தார் தேவி பாதாளத்துக்கு இறங்குவது, சூனியத்தை எரிக்கும் பாடல்கள். இவையெல்லாம் களிமண் பலகைகளில் நிஜமாகவே கிடைத்தவற்றின் சாயல், புத்தகத்தில் நன்றாக இருக்கும் இடங்களும் இவையே. அப்புறம் ஏழு வாசல்கள், மந்திரம் சொல்லி ஒவ்வொன்றாகக் கடக்க வேண்டியவை. நன்னா, நேபோ, இஷ்தார், ஷமாஷ், நெர்கல், மர்தூக், நினிப் என்று தெய்வப் பெயர்கள் மிரட்டலாக வரிசை போகின்றன, கொஞ்சம் உற்றுப் பார்த்தால் திங்கள், புதன், வெள்ளி, ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி. ராகு, கேதுவைக் கழித்துவிட்டு நவக்கிரகம் சுற்றச் சொல்கிறார்கள்! ஒவ்வொரு வாசலுக்கும் ஒரு உலோகம், வெள்ளி, செம்பு, தங்கம் என்று. போவதற்கு முன் கறி சாப்பிடக் கூடாது, பட்டினி கிடக்க வேண்டும். விரதம் இருந்து பழகிய வீட்டில் பிறந்தவனுக்கு இதில் என்ன திகில்?

எனக்கு உண்மையில் எரிச்சல் வந்தது லவ்கிராஃப்டின் ஜந்துக்களை இவற்றோடு ஒட்டவைத்த இடங்களில்தான். அவருடைய பேர்போன ஜந்து கதூலூவை 'குதுலு' என்று மாற்றி சுமேரியச் சொல்லாக்கப் பார்க்கிறார்கள். நல்ல தெய்வங்கள் ஒரு பக்கம், கெட்ட பூதங்கள் ஒரு பக்கம் என்று சண்டை மூட்டுகிறார்கள். லவ்கிராஃப்டின் ஜந்துக்களுக்கு மனிதன் ஒரு பொருட்டே இல்லை. எறும்பை மிதிக்கிறவனுக்கு எறும்பு மேல் என்ன விரோதம்? அந்தக் கதைகளின் பயமே அதில்தான் இருக்கிறது. இங்கே தாயத்து கட்டி, பெயர் சொல்லி விரட்டிவிடலாம்.

751ஆம் பக்கத்தைத் தேடிப் பார்த்தேன், புத்தகம் அதில் பாதிகூட வராது.

ஐந்துக்கு இரண்டு கொடுப்பேன், ஒன்று அட்டைக்கு, ஒன்று மர்தூக்குக்கு. திகில் வேண்டுமென்றால் லவ்கிராஃப்டின் கதைகள் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. மர்தூக் வேண்டுமென்றால் பாபிலோனியர்களின் படைப்புக் காவியமான 'எனுமா எலிஷ்' மொழிபெயர்ப்பு ஒன்றைப் பிடியுங்கள். வீட்டுக்கு வருகிறவர்கள் அலமாரியைப் பார்த்து ஒரு நிமிஷம் மிரள வேண்டும் என்றால் மட்டும் இதை வாங்கலாம் என்று எழுத நினைத்தேன். நேற்று தண்ணீர் கேன் போட வந்த தம்பி அதை எடுத்துத் திருப்பிப் பார்த்துவிட்டு, "என்னண்ணே, கோலப் புத்தகமா?" என்று கேட்டுவிட்டுப் போனான்.