கொட்டாஞ்சேனையில் ஒரு நாகர்கோவில்காரியின் பிளவுஸ் கடை

முதலில் கணக்கைச் சொல்லிவிடுகிறேன். சின்ன மகளின் கூறைச் சாறிக்கு ஆரி வேலையோடு ஒரு பிளவுஸ் 14,000. ரிசெப்ஷனுக்கு ஒன்று 4,500. எனக்கு ஒன்று 3,000. மொத்தம் 21,500 ரூபா. கடைக்காரி பதினைந்து நாள் என்று சொல்லி பதினெட்டு நாள் எடுத்தா. கொழும்பின் தெற்கே வெள்ளவத்தையிலிருந்து வடக்கே கொட்டாஞ்சேனைக்கு நாலு தரம் ஓட்டோவில் போய் வந்த காசு இதில் சேர்க்கவில்லை.

வெள்ளவத்தையில் இருந்துகொண்டு பிளவுஸ் தைக்கக் கொட்டாஞ்சேனைக்குப் போறியா என்று தங்கச்சி சிரித்தாள். நியாயமான கேள்விதான். எங்கள் பக்கம் காலி வீதி என்கிற பெரிய றோட்டிலும் குறுக்கு ஒழுங்கைகளிலும் தையல் கடைக்குப் பஞ்சமில்லை. அப்படி ஒரு கடையில்தான் ஆறு வருடத்துக்கு முன் மூத்தவளுக்குத் தைத்தோம். மணவறையில் மாலை மாற்றக் கையைத் தூக்கினாள், அக்குளில் 'டர்' என்றது. மாப்பிள்ளைக்குக் கேட்டதோ இல்லையோ, எனக்குக் கேட்டது. மிச்சக் கலியாணம் முழுக்கப் பிள்ளை வலது கையை இடுப்போடு ஒட்டியே வைத்திருந்தாள். அல்பத்தில் எல்லாப் படத்திலும் ஏதோ கோபம்போல நிற்கிறாள். வீட்டுக்கு வந்து அந்தப் பிளவுஸை உள்பக்கம் திருப்பிப் பார்த்தேன். தையலுக்கு அப்பால் கால் அங்குலத் துணிகூட விடவில்லை. அவிழ்த்துத் தைக்கவும் வழியில்லை.

முப்பத்தொரு வருடம் நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடையில், காணிப் பத்திரங்களை எழுதும் ஒரு நொத்தாரிசின் அலுவலகத்தில் அந்த உறுதிகளைத் தட்டச்சு செய்தவள் நான். எதையும் உள்பக்கம் திருப்பிப் பார்ப்பது எனக்குப் பழகிப்போன வியாதி.

இந்தக் கடைக்குப் பெயர்ப்பலகை கிடையாது. ஜம்பட்டா வீதியிலிருந்து பிரியும் ஒரு ஒழுங்கையில், மாடியில். படி செங்குத்து, பிடிக்கக் கயிறுதான் கட்டியிருக்கிறார்கள். முழங்கால் வருத்தக்காரர் கீழே நின்று கூப்பிட்டால் டேப்போடு அவவே இறங்கி வருவா. உள்ளே இரண்டு மெஷின். ஒன்று கரண்டில் ஓடுவது. மற்றது கால் மிதிக்கிற பழைய கறுப்பு மெஷின். கடைக்காரிக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். நாகர்கோவில் பக்கம் பிறந்து, கலியாணம் கட்டிக் கொழும்புக்கு வந்தவ. புருஷன் வீட்டார் தூத்துக்குடி வழி, மூன்று தலைமுறையாக இங்கே கடைக்கணக்கு.

அளவெடுக்கிறதுதான் இந்தக் கடையின் விசேஷம். அளவுப் பிளவுஸ் கொண்டுபோனேன். வாங்கி ஓரமாக வைத்துவிட்டா. "இது ஒருத்தன் செஞ்ச தப்பு. இதப் பாத்து நான் தச்சா ரெண்டு பேரு செஞ்ச தப்பாயிரும்" என்றா. பிறகு மகளை நிற்கவைத்து, இருக்கவைத்து, இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கவைத்து, மூச்சை இழுத்துப் பிடிக்கவைத்து, விடவைத்து அளந்தா. நான் எண்ணினேன், பதினாறு அளவு. மணவறையில் சம்மணம் கட்டுவாளா, கதிரையில் இருப்பாளா, முந்தானையை எந்தத் தோளில் எத்தனை மடிப்பு வைத்துக் குத்துவாள், எல்லாம் கேட்டு ஒரு பள்ளிக்கூடக் கொப்பியில் எழுதினா. பருத்தி லைனிங் துணியை முதல்நாள் இரவே ஊறப்போட்டு, காய்ந்த பிறகுதான் வெட்டுவாவாம். கெய்சர் வீதியில் நாங்களே லைனிங் வாங்கிக் கொடுத்தால் விலையில் கழிப்பா.

தைத்து முடிந்ததும் உள்பக்கம் திருப்பிக் காட்டச் சொன்னேன். வழக்கமாகத் தையல்காரருக்கு இது பிடிக்காது. இவவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. பக்கத் தையலில் ஒன்றரை அங்குலத் துணி உள்ளே மடிந்திருந்தது. மூன்று வரி ஓட்டியிருந்தா. ஒரு வரியைப் பிரித்தால் பக்கத்துக்கு அரை அங்குலம் கூடும். "பிள்ளை பெத்தப்புறமும் போடணும்லா" என்று சொன்னதும் மகள் வெட்கப்பட்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டாள்.

இரண்டாம் தடவை போனபோதுதான் சுவரைப் பார்த்தேன். உள்ளங்கை அகலத்துக்கு ஒரு லேஸ் துண்டு, கண்ணாடி போட்டு மாட்டியிருந்தது. பழுப்பேறிப் போயிருந்தாலும் ஒரு கண்ணி அறவில்லை. பூட்டி கையால் பின்னியதாம். நாகர்கோவிலில் 1820களில் மார்த்தா மால்ட் என்ற மிஷனரி அம்மா பெண்பிள்ளைகளுக்கு விடுதிப் பள்ளி நடத்தி லேஸ் பின்னப் பழக்கினா. நாகர்கோவில் அப்போது சேர்ந்திருந்த திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் அடிமைமுறை 1855 வரை இருந்தது. அந்தப் பள்ளிப் பிள்ளைகளிலும் அடிமைக் குடும்பத்தார் இருந்தார்கள். லேஸ் விற்ற காசைக் கட்டித் தங்களை மீட்டுக்கொண்ட பிள்ளைகள் உண்டு. நூலும் குண்டூசியும் வைத்து ஒருத்தி தன் விலையைத் தானே கட்டுவது என்றால் எத்தனை முழம் பின்னியிருக்க வேண்டும்? நான் கேட்டேன். அவ லேஸைப் பார்த்து, "கண்ணு போயிருக்கும்" என்று மட்டும் சொன்னா.

அதன் பிறகுதான் தோள்சீலைக் கதை வந்தது. யாழ்ப்பாணத்துப் பள்ளிக்கூடத்தில் இதை எங்களுக்குப் படிப்பிக்கவில்லை. தெற்குத் திருவிதாங்கூர், அதாவது இன்றைய கன்னியாகுமரி மாவட்டம். அங்கே நாடார் முதலான சாதிப் பெண்கள் மேலே துணி போடக்கூடாது என்பது வழக்கு. மேல்சாதிக்காரர் முன்னால் மறைக்காமல் நிற்பதுதான் மரியாதையாம். 1810களில் ரெசிடென்ட், அதாவது திருவிதாங்கூரில் ஆங்கிலேயரின் பிரதிநிதியாக இருந்த மன்றோ, கிறிஸ்தவர்களான பெண்கள் குப்பாயம் போடலாம் என்று உத்தரவு போட்டார். குப்பாயம் என்றால் தொளதொளத்த சட்டை. சிரியன் கிறிஸ்தவப் பெண்களும் மாப்பிளா முஸ்லிம் பெண்களும் போடுவது. நாடார் பெண்கள் அதோடு நிற்காமல் மேல்சாதிப் பெண்களைப்போல் தோளில் சீலையும் போட்டார்கள். அங்கேதான் கலகம் மூண்டது. 1822, 1828, கடைசியில் 1858, 59. "சந்தையில வச்சு அவுத்துக் கிழிச்சாவளாம். எனக்க அம்மைக்க பாட்டி சொல்லுவாவ, அவியளுக்கு அவிய பாட்டி சொன்னது" என்றா, பல்லில் கடித்த நூலை அறுத்தபடி.

கடைசியில் சென்னை கவர்னர் ட்ரெவெலியன் நெருக்கி, 1859 ஜூலை 26 அன்று மகாராஜா பிரகடனம் வெளியிட்டார். இந்த இடத்தில் எனக்குள் இருந்த தட்டச்சுக்காரி எழும்பி உட்கார்ந்துவிட்டாள். அந்தப் பிரகடனத்தின் வாசகம் இப்படிப் போகிறது: நாடார் பெண்கள் கிறிஸ்தவப் பெண்களைப்போலச் சட்டை போடலாம். மீனவப் பெண்களைப்போல முரட்டுத்துணி சுற்றலாம். எந்த விதமாகவும் மார்பை மறைக்கலாம். ஆனால் மேல்சாதிப் பெண்களைப்போல மட்டும் கூடாது. புதுக்கடையில் நான் எத்தனையோ உறுதி தட்டியிருக்கிறேன். முழு வளவையும் எழுதிக் கொடுத்துவிட்டு, கடைசி வரியில் ஒரு 'ஆனால்' போட்டுக் கிணற்றை வைத்துக்கொள்வார்கள். அதே கை.

சாறியும் பிளவுஸும் என்றாலே எல்லாரும் வங்காளத்து ஞானதானந்தினி தேவியைச் சொல்வார்கள். ரவீந்திரநாத் தாகூரின் அண்ணி. 1860களில் புருஷனோடு பம்பாய்க்குப் போய், பார்சிப் பெண்கள் உடுத்துவதைப் பார்த்துச் சாறி கட்டும் ஒரு முறையை உருவாக்கியவ. அவவின் பெருமையை நான் குறைக்கவில்லை. கடைக்காரிக்குத்தான் அந்தக் கதையில் அவ்வளவு மதிப்பில்லை. "அந்த அம்மா பெரிய வீடு. போட்டா கைதட்டுவாவ. எங்க ஆளுக போட்டா அடி" என்றா.

மூன்றாம் தடவை போனபோது மழை. ஓட்டோ கிடைக்காமல் ஒன்றரை மணித்தியாலம் அங்கேயே இருந்தேன். பிளேன்டீ தந்தா. கறுப்பு மெஷின் அவவின் தாயுடையது. அப்பா செத்த பிறகு, கைம்பெண்களுக்குத் தமிழ்நாட்டு அரசு இலவசமாகக் கொடுத்த மெஷின். இப்போது அந்தத் திட்டத்துக்கு சத்தியவாணி முத்து அம்மையாரின் பெயர். தாய் போன பிறகு, 2011இல் தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் சில மாதம் பயணிகள் கப்பல் ஓடியதே, அதில் ஏற்றிக்கொண்டு வந்தாவாம். வரிசையில் எல்லாரும் சாறி மூட்டையோடு நிற்க, தான் மட்டும் மெஷின் தலையைச் சாக்கில் சுற்றி மடியில் வைத்திருந்த கதையைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தா.

மெஷின் ஏன் தேவைப்பட்டது என்பதுதான் என்னை நித்திரை கொள்ள விடவில்லை. தாய்க்குப் பிறந்த வீட்டில் தென்னந்தோப்பு இருந்திருக்கிறது. 1983இல் தகப்பன் செத்ததும் தம்பிமார் 5000 ரூபாய் கொடுத்துக் கையெழுத்து வாங்கிவிட்டார்கள். சட்டமே அப்படித்தான் என்றார்களாம். அப்படி ஒரு சட்டம் இருந்தது உண்மை. 1916ஆம் ஆண்டுத் திருவிதாங்கூர்க் கிறிஸ்தவ வாரிசுரிமைச் சட்டம். உயில் இல்லாவிட்டால் மகளுக்கு மகனின் பங்கில் நாலில் ஒன்று, அல்லது 5000, இரண்டில் எது குறைவோ அது. கேரளத்து மேரி ராய் வழக்குப் போட்டு, 1986இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. என்ன சொன்னது தெரியுமா? அந்தச் சட்டம் 1951ஆம் ஆண்டே இல்லாமல் போய்விட்டதாம். அதாவது 1983இல் அந்தத் தாய் கையெழுத்து வைத்தது முப்பத்திரண்டு வருடத்துக்கு முன்னமே செத்துப்போன ஒரு சட்டத்துக்கு. இதை நான் விளங்கப்படுத்தியபோது அவ மெஷினை நிறுத்திவிட்டு, "அம்மை இருக்கும்போ நீங்க வரலையே அக்கா" என்றா.

நான் வாயைத் திறக்கவில்லை. யாழ்ப்பாணத் தமிழருக்கான எங்கள் தேசவழமைச் சட்டம் மட்டும் என்ன வாழ்கிறது? சீதனக் காணியைப் பெண் பெயரில்தான் எழுதுவோம். அதை விற்கவோ ஈடுவைக்கவோ புருஷனின் எழுத்துச் சம்மதம் வேண்டும். அந்தச் சம்மதப் பத்தியை எனக்குக் கண்ணை மூடிக்கொண்டும் தட்ட வரும்.

கழுத்து டிசைன் எல்லாம் கடைக்காரியின் தங்கச்சி மகள் நாகர்கோவிலிலிருந்து வட்ஸ்அப்பில் வரைந்து அனுப்புகிறாள். அரசுப் பள்ளியில் படித்து இப்போது பொலிடெக்னிக். மாதம் 1000 ரூபாய் அவள் கணக்குக்கு வருகிறது, தமிழ்நாட்டு அரசின் 'புதுமைப் பெண்' திட்டம். அது முன்னம் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் பெயரில் கலியாண உதவியாக இருந்தது, தாலிக்கு ஒரு பவுண் கொடுத்தார்கள். 2022இல் அதையே படிப்புக் காசாக மாற்றினார்கள். "நமக்குத் தங்கம் தந்தாவ, அவளுக்கு ஃபீஸ் தாராவ" என்றா. இதில் எது மேல் என்று அவவுக்கு இன்னும் முழுதாகத் தெளியவில்லை. பவுண் விலையை நினைத்தால் எனக்கும் கொஞ்சம் தடுமாற்றம்தான்.

இனி குறைகள். கார்ட் எடுக்கமாட்டா, காசு மட்டும். ரசீது கேட்டால் கொப்பித் தாளைக் கிழித்து எழுதித் தருவா. உடுப்பு மாற்றிப் பார்க்க மறைவுக்கு ஒரு பழைய சாறியைத்தான் கட்டியிருக்கிறா, காற்றுக்குப் பறக்கும். மூன்று நாள் பிந்தினதில் எனக்கு இரத்த அழுத்தம் ஏறியது. போனும் எடுக்கவில்லை.

பெரிய குறை என் பிளவுஸ். இவர் போய் ஐந்து வருடம். கலியாண வீட்டில் நான் எங்கே நிற்பது, எதைத் தொடுவது, எதைத் தொடாமல் விடுவது என்று ஊருக்கே தெரியும், எனக்கும் தெரியும். ஆகவே தெளிவாகச் சொன்னேன்: சாம்பல் சாறி, கரை வைக்கவேண்டாம், கழுத்து ஏறி இருக்கட்டும், முழங்கைக்குக் கை. கொப்பியில் எழுதினா. நானே எட்டிப் பார்த்தேன், எழுதித்தான் இருந்தது.

வாங்கப் போன அன்று விரித்துக் காட்டினா. சாறித் தலைப்பிலிருந்து ஒரு விரல் அகலம் மெரூன் கரை எடுத்துக் கையின் ஓரத்துக்கு வைத்திருந்தா. கழுத்தும் ஒரு அங்குலம் இறங்கியிருந்தது.

"என்ன பிள்ளை இது? நான் சொன்னது வேற, நீர் தைச்சது வேற."

"அம்மை சாகுற வரைக்கும் வெள்ளைதான் உடுத்தாவ. ஊருக்கெல்லாம் கலரு தச்சுக் குடுத்தாவ" என்றா. அதற்குமேல் ஒன்றும் சொல்லவில்லை. நானும் பொறுக்கவில்லை. காசு கொடுத்தவள் சொன்னதைத்தான் தைக்கவேண்டும், அவிழ்த்துத் தாரும் என்றேன். "கண்டிப்பா அவுத்துத் தாறேன்க்கா, கலியாணம் முடிஞ்சு கொண்டுவாங்க. இப்ப நேரமில்ல" என்றா. மகள் பக்கத்தில் நின்று சிரித்ததும் எனக்குப் பிடிக்கவில்லை.

வாடிக்கையாளர் சொன்னதைச் செய்யாத கடை என்று எழுதவேண்டியது என் கடமை, எழுதிவிட்டேன். வேறு உடுப்பு இல்லாதபடியால் அதைத்தான் போட்டுக்கொண்டு போனேன். மாலை மாற்றும்போது மகள் இரண்டு கையையும் நன்றாக மேலே தூக்கினாள், ஒரு சத்தமும் வரவில்லை. ஆராத்தி எடுக்க ஆள் தேடியபோது அவள் மணவறையிலிருந்தே என்னைக் கூப்பிட்டாள். பெரியக்கா ஒரு மாதிரிப் பார்த்தா. நான் போனேன்.

கலியாணம் முடிந்து இரண்டு மாதமாகிறது. பிளவுஸை அவிழ்க்க இன்னும் கொண்டுபோகவில்லை. கொட்டாஞ்சேனை தூரம்.

போகிறவர்கள் பகல் பத்து மணிக்குப் பிறகு போங்கள், சனிக்கிழமை சனம் கூட. ஞாயிறு சேர்ச்சுக்குப் போவா, கடை பூட்டு. சீசன் என்றால் ஒரு மாதம் முந்தியே கொடுத்துவிடுங்கள். உங்களுக்கு வேண்டியதை எழுதிக் கொடுத்து, கீழே கையெழுத்தும் வைத்துவிட்டு வாருங்கள். அதன் பிறகும் என்ன தைப்பா என்பது அவவின் இஷ்டம்.