வளைந்த அம்பா, வளையத்துக்குள் வட்டமா?

பாளையங்கோட்டையில் ஒரு மாடியறையில் பன்னிரண்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கும் பி.எஸ்ஸி. மாணவர்களுக்கும் வேதியியல் சொல்லிக் கொடுப்பது என் பிழைப்பு. அங்கே சாக்பீஸ் அதிகம் தேய்வது உடனிசைவு அமைப்புகளுக்குத்தான், அதாவது எலக்ட்ரான்கள் பரவிக் கிடக்கும் ஒரு மூலக்கூறை வழக்கமான ஒரே படத்தால் காட்ட முடியாதபோது அதற்கு வரையும் பல படங்களுக்கு. அவற்றை வரைய மூன்று வழிகள் என் மாணவர்களிடம் புழங்குகின்றன. வளைந்த அம்பு போட்டு எலக்ட்ரான்களை அடியடியாக நகர்த்தி, கிடைக்கிற அமைப்புகளை எல்லாம் வரிசையாக எழுதுவது ஒன்று. எல்லாவற்றையும் ஒரே படத்துக்குள் அடக்கி, புள்ளிக்கோடோ வளையத்துக்குள் வட்டமோ போட்டு முடிப்பது இன்னொன்று. மூன்றாவதை எந்தப் பாடநூலும் சொல்லித் தருவதில்லை, ஆனால் பாதிப் பேர் அதோடுதான் என்னிடம் வந்து சேர்கிறார்கள்: நோட்ஸில் உள்ள படங்களை அப்படியே நெட்டுருப் போடுவது.

நெட்டுருவை முதலில் முடித்துவிடுகிறேன். பொதுத்தேர்வில் பென்சீனும் பீனாலும் அனிலீனும் திரும்பத் திரும்ப வருவதால் அதற்கு மதிப்பெண் கிடைக்கத்தான் செய்கிறது. அதை மறுத்தால் நான் பொய் சொன்னவனாவேன். ஆனால் அனிலீனை மனப்பாடமாக வரையும் பையனிடம் அசிட்டனிலைடைக் கொடுத்தால் பேனா நின்றுவிடுகிறது. நைட்ரஜனுக்குப் பக்கத்தில் ஒரு கார்பனைல் தொகுதி (கார்பனும் ஆக்சிஜனும் இரட்டைப் பிணைப்பில்) வந்திருக்கிறது, நைட்ரஜனின் பிணைப்பில் சேராத தனித்த இரட்டை எலக்ட்ரான்கள் வளையத்துக்குள் போகுமா, கார்பனைல் பக்கம் போகுமா என்ற கேள்வியே அவனுக்கு எழுவதில்லை. படம் தெரியும், படம் எப்படிப் பிறந்தது என்பது தெரியாது. நெட்டுரு விஷயம் இவ்வளவுதான்.

உண்மையான போட்டி அம்புக்கும் வட்டத்துக்கும்தான். வேடிக்கை என்னவென்றால் இரண்டும் ஒரே வீட்டுப் பிள்ளைகள். எலக்ட்ரான்கள் நகர்வதைக் காட்ட வளைந்த அம்பை 1922-இல் கெர்மாக், ராபர்ட் ராபின்சன் என்ற இரு வேதியியலாளர்கள் பயன்படுத்தினார்கள். ஆறு கார்பன் கொண்ட பென்சீன் வளையத்துக்குள் வட்டம் போடும் பழக்கத்தை 1925-இல் ஆர்மிட் என்பவரோடு சேர்ந்து கொண்டுவந்தவரும் அதே ராபின்சன்தான். பின்னாளில், 1947-இல், வேதியியலுக்கான நோபல் பரிசும் அவருக்குக் கிடைத்தது. ஆக, வட்டக் கட்சி, அம்புக் கட்சி என்று பிரிந்து சண்டை போடுகிறவர்களுக்குத் தலைவர் ஒருவரே.

அம்பு முறையைக் கிட்டத்தில் பார்ப்போம். பீனாக்சைடு அயனியை எடுத்துக்கொள்ளுங்கள்: பென்சீன் வளையம், அதில் ஓர் ஆக்சிஜன், ஆக்சிஜன் மேல் எதிர்மின்சுமை. முதல் அம்பு ஆக்சிஜனின் தனித்த இரட்டையில் தொடங்கி, ஆக்சிஜனுக்கும் கார்பனுக்கும் நடுவே முடிகிறது. அங்கே இரட்டைப் பிணைப்பு வந்துவிட்டது. அந்தக் கார்பனுக்கு இப்போது ஐந்து பிணைப்புகள். கார்பனால் ஐந்தைத் தாங்க முடியாது, எனவே பக்கத்திலிருக்கும் பை பிணைப்பு (இரட்டைப் பிணைப்பின் இரண்டாவது பிணைப்பு) இடம் மாறியாக வேண்டும். இரண்டாவது அம்பு அந்தப் பை பிணைப்பைத் தூக்கி, அடுத்த கார்பனான ஆர்த்தோ கார்பன் மேல் வைக்கிறது. எதிர்மின்சுமை ஆர்த்தோவுக்கு வந்தாயிற்று. அங்கிருந்து இன்னொரு நகர்த்தல், நேர் எதிரே இருக்கும் பாராவுக்கு. இன்னொன்று, மறுபக்க ஆர்த்தோவுக்கு. ஆக்சிஜன் மேலேயே சுமை இருக்கும் இரண்டு அமைப்புகளையும் சேர்த்தால் மொத்தம் ஐந்து. எவ்வளவு முயன்றாலும் ஆர்த்தோவுக்கும் பாராவுக்கும் நடுவிலுள்ள மெட்டா கார்பன் மேல் சுமை உட்காராது. இதை நான் சொல்ல வேண்டியதில்லை. வரைகிறவர் கையே சொல்லிவிடும். எலக்ட்ரான் கவர் கரணிகள் ஏன் ஆர்த்தோவையும் பாராவையும் தேடி வருகின்றன என்று அடுத்த அத்தியாயத்தில் படிக்கும்போது, அதை ஏற்கெனவே கண்ணால் பார்த்த நிதானம் அவர்களிடம் இருக்கிறது.

அம்பு முறையில் பிழைகளும் ஏராளம். முதலிடம், நேர்மின்சுமையிலிருந்து அம்பைத் தொடங்குவது. அம்பின் வால் எலக்ட்ரான் இருக்கும் இடத்தில்தான் இருக்க வேண்டும். நேர்மின்சுமை என்பது எலக்ட்ரான் குறைந்த இடம், காலிப் பானையிலிருந்து யாரும் தண்ணீர் மொள்வதில்லை. அடுத்தது நைட்ரோபென்சீனில் நைட்ரஜனுக்கு ஐந்து பிணைப்புகள் போடுவது. அதற்கடுத்தது, எலக்ட்ரானோடு சேர்த்து ஹைட்ரஜன் அணுவையும் நகர்த்திவிடுவது. அப்படிச் செய்தால் அது உடனிசைவே அல்ல, கீட்டோ–ஈனால் மாற்றம், அதாவது இரண்டு வெவ்வேறு மூலக்கூறுகள். உடனிசைவில் அணுக்கள் இருந்த இடத்திலேயே இருக்கும், மொத்த மின்சுமையும் மாறாது. இவற்றை எல்லாம் திருத்துவதற்கே ஒரு வாரம் போகிறது. வட்டம் போடுகிறவருக்கு இந்தத் தொல்லைகள் எதுவும் கிடையாது. அவர் அம்பே போடுவதில்லையே.

அம்பு முறையின் பெரிய குற்றம் இவற்றில் எதுவுமில்லை. அதை எனக்குக் காட்டியவன் ஒரு மாணவன். அப்போது நான் பாடம் எடுக்கத் தொடங்கி இரண்டு வருடம் ஆகியிருந்தது. "பென்சீனின் இரண்டு அமைப்புகளும் மிக வேகமாக ஒன்றிலிருந்து ஒன்றுக்கு மாறிக்கொண்டே இருக்கின்றன, அதனால்தான் நமக்கு நடுவாந்தரமாகத் தெரிகிறது" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். டவுனிலிருந்து வரும் பையன் ஒருவன் எழுந்தான். "சார், நெல்லையப்பர் கோயில் இசைத் தூண் மாதிரியா? ஒன்றைத் தட்டினால் பக்கத்துத் தூணும் சேர்ந்து அதிருமே, அதுவா? அப்படியானால் ஒரு நொடிக்கு எத்தனை தடவை மாறும்?"

என்னிடம் பதில் இல்லை. இருக்கவும் முடியாது. கேள்வி, அம்பைப் பார்த்து எலக்ட்ரான்கள் ஓடிக்கொண்டிருப்பதாக நான் சொன்ன தவறான விளக்கத்தில் முளைத்தது. பென்சீன் எதற்கும் மாறிக்கொண்டிருக்கவில்லை. காகிதத்தில் நாம் வரையும் அந்த இரண்டு அமைப்புகளும் ஒரு கணமேனும் தனித்து இருந்ததில்லை. 'உடனிசைவு' என்ற தமிழ்ச் சொல்லிலேயே இசை இருப்பதால் இங்குள்ள பிள்ளைகளுக்கு உடனே தூண்தான் நினைவுக்கு வருகிறது. அது இயற்பியலின் ஒத்ததிர்வு, இதற்கும் அதற்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை. எனக்கிருந்த ஒரே ஆறுதல், என் தவறுக்குப் பெரிய பரம்பரை இருந்தது. 1865-இல் பென்சீனுக்கு வளையம் கொடுத்த கெகுலேயே, 1872-இல் இரட்டைப் பிணைப்புகள் இடம் மாறி ஊசலாடுவதாகத்தான் எழுதினார்.

அன்றிலிருந்து யாளியைத் துணைக்கு வைத்துக்கொள்கிறேன், ஆனால் தலைகீழாக. கோயில் தூணில் இருக்கும் யாளியில் யானையும் சிங்கமும் நிஜம், யாளி கற்பனை. உடனிசைவில் யாளிதான் நிஜம். யானையும் சிங்கமும் நாம் புரிந்துகொள்வதற்காக வரைந்த கற்பனை. யாளி காலையில் யானையாகவும் மாலையில் சிங்கமாகவும் இருப்பதில்லை.

இந்த இடத்தில் வட்டம் ஜெயிக்கிறது, அதை மனமார ஒப்புக்கொள்கிறேன். பென்சீனில் கார்பன்–கார்பன் பிணைப்புகள் ஆறும் ஏறத்தாழ 139 பிகோமீட்டர் நீளம். சாதாரண ஒற்றைப் பிணைப்பு 154, இரட்டைப் பிணைப்பு 134. ஒரு நீளம், ஒரு குட்டை என்று மாறி மாறி வருவதில்லை, ஆறும் ஒன்றுபோல். வட்டம் அதை ஒரே பார்வையில் சொல்லிவிடுகிறது. நிலைப்புத்தன்மையும் அப்படியே. வளையஹெக்சீனில் ஒரு இரட்டைப் பிணைப்பை ஹைட்ரஜனேற்றினால் மோலுக்குச் சுமார் 120 கிலோஜூல் வெளிவருகிறது. மூன்று இரட்டைப் பிணைப்புக்கு 360 வர வேண்டும். பென்சீன் கொடுப்பது 208 மட்டுமே. மீதி 152 கிலோஜூல் அளவுக்கு அது ஏற்கெனவே தாழ்ந்த ஆற்றலில் சௌகரியமாக உட்கார்ந்திருக்கிறது. கார்பனேட் அயனியும் இதே ரகம்: மூன்று அமைப்புகளை வரைந்து இருதலை அம்பு போடுவதைவிட, மூன்று ஆக்சிஜனுக்கும் புள்ளிக்கோடு போட்டு வெளியே இரண்டு எதிர்மின்சுமை என்று எழுதினால் மூன்று பிணைப்பும் சமம் என்பது சட்டென்று விளங்குகிறது.

ஆனால் வட்டத்தை நம்பி நாப்தலீன் வரைக்கும் போனால் கால் இடறும். பட்டுப் புடவைப் பெட்டியில் போடும் அந்துருண்டையின் அதே நாப்தலீன். இரண்டு வளையம் ஒட்டியிருப்பதால் இரண்டு வட்டம் போடுகிறார்கள். ஒரு வட்டத்துக்கு ஆறு பை எலக்ட்ரான்கள் என்றால் பன்னிரண்டு வருகிறது. நாப்தலீனில் இருப்பதோ பத்து. கணக்கு உதைக்கிறது.

பொறுமையாக மூன்று அமைப்புகளை வரையுங்கள், அவ்வளவுதான் இருக்கின்றன. முதல் கார்பனுக்கும் இரண்டாவது கார்பனுக்கும் இடையே உள்ள பிணைப்பு மூன்றில் இரண்டு படங்களில் இரட்டையாக வருகிறது. இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் இடையே ஒரே படத்தில்தான். எனவே முந்தையது குட்டையாக இருக்க வேண்டும். அளந்து பார்த்தவர்கள் கண்டதும் அதுதான்: முந்தையது 137-ஐ ஒட்டி, பிந்தையது 141-ஐ ஒட்டி. மூன்று வளையம் ஒட்டிய பினாந்திரீனுக்குப் போனால் ஐந்து அமைப்புகள், அவற்றில் நான்கில் 9-ஆம் கார்பனுக்கும் 10-ஆம் கார்பனுக்கும் இடையே இரட்டைப் பிணைப்பு. புரோமின் அங்கேதான் போய்ச் சேர்கிறது. மூன்று வட்டம் போட்ட படம் இந்த இரகசியத்தை வெளியே விடாது. வட்டம் எல்லாப் பிணைப்பையும் சமம் என்று சொல்லிவிடுகிறது, சமமாக இல்லாத இடத்திலும்.

இதைவிட எனக்குப் பிடித்தது நைட்ரோபீனால். பீனாலின் பி.கே.ஏ. மதிப்பு (இது குறையக் குறைய அமிலத்தன்மை கூடும்) சுமார் 10. நைட்ரோ தொகுதி மெட்டாவில் இருந்தால் 8.4, பாராவில் இருந்தால் 7.15. மெட்டா கிட்டத்திலும் பாரா தூரத்திலும் இருக்க, தூரத்தில் இருப்பது ஏன் அமிலத்தன்மையை அதிகம் கூட்டுகிறது? வட்டம் போட்ட இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எவ்வளவு நேரம் முறைத்தாலும் விடை வராது. அம்பு போட்டால் ஒரு நிமிடம்: பாரா கார்பனுக்கு வந்த எதிர்மின்சுமை இன்னும் ஒரு படி தாண்டி நைட்ரோவின் ஆக்சிஜன் மேல் போய் உட்காருகிறது. மெட்டாவில் இருக்கும் நைட்ரோவுக்கு அந்தச் சுமை வந்து சேர வழியே இல்லை, தன் தூண்டல் விளைவால், அதாவது பிணைப்புகள் வழியே எலக்ட்ரானை இழுக்கும் தன்மையால், கொஞ்சம் இழுத்துப் பார்ப்பதோடு சரி.

கணினியில் வரைவதைப் பற்றியும் கேட்கிறார்கள். கெம்டிரா போன்ற மென்பொருளில் படம் அச்சடித்ததுபோல் இருக்கும். இணைதிறன் (ஓர் அணு தாங்கும் பிணைப்புகளின் எண்ணிக்கை) மிஞ்சினால் சிவப்புக் கட்டம் போட்டு எச்சரிக்கும். ஆய்வுக் கட்டுரைக்கு அருமை. படிக்கும் காலத்தில் அந்தச் சிவப்புக் கட்டம் உங்கள் தலைக்குள் வர வேண்டும், திரையில் அல்ல. எனவே என் அறையில் பென்சிலும் அழிப்பானும்தான்.

சென்ற வைகாசியில் ஒரு மாணவி தன் அக்காள் கல்யாணத்துக்கு ஒரு வாரம் விடுப்பு எடுத்துவிட்டுத் திரும்பி வந்தாள். வந்ததும் ஒரு கேள்வி: ஆரத்தித் தட்டில் மஞ்சள் தண்ணீரில் சுண்ணாம்பு போட்டதும் ஏன் சிவந்தது? மஞ்சளில் இருக்கும் குர்குமினின் அமைப்பைப் பலகையில் போட்டேன்: இரு முனைகளிலும் பீனால் வளையம், நடுவே ஏழு கார்பன் சங்கிலி. சுண்ணாம்பு என்ன செய்யும் என்று கேட்டேன். காரம், பீனாலின் ஹைட்ரஜனை எடுத்துவிடும் என்றாள். மீதியை நீயே வரை என்று சாக்பீஸை நீட்டினேன்.

ஹைட்ரஜன் போன வளையத்தின் பக்கத்துச் சங்கிலியில் கீட்டோன் (கார்பனைல்) வரும்படி வரைந்துகொண்டாள். ஆக்சிஜன் இரட்டையிலிருந்து முதல் அம்பு. வளையத்துக்குள் ஒன்று. வளையத்திலிருந்து சங்கிலிக்குத் தாவும் அம்பில் கொஞ்சம் தயங்கினாள், கார்பனுக்கு நான்கு பிணைப்பு சரியாக இருக்கிறதா என்று விரலால் எண்ணிவிட்டுப் போட்டாள். சங்கிலியின் இரட்டைப் பிணைப்பிலிருந்து ஒன்று. கடைசியாகக் கார்பனைல் ஆக்சிஜன் மேல். மொத்தம் ஐந்து அம்புகள். ஒரு முனையில் இருந்த மின்சுமை வளையத்தையும் பாதிச் சங்கிலியையும் கடந்து இன்னோர் ஆக்சிஜனுக்கு வந்திருந்தது. எலக்ட்ரான்கள் இவ்வளவு தூரம் பரவும்போது மூலக்கூறு உட்கொள்ளும் ஒளி நீண்ட அலைநீளத்துக்கு நகர்கிறது, நாம் காணும் நிறம் மஞ்சளிலிருந்து சிவப்புக்குப் போகிறது.

பிறகு அவளாகவே, அந்த ஐந்து அம்புகளும் போன வழியெங்கும் புள்ளிக்கோடு போட்டு, இரண்டு ஆக்சிஜனிலும் அரைகுறை மின்சுமை என்று குறித்து, ஒரு கலப்பினப் படத்தைப் பக்கத்தில் வரைந்தாள். அந்தப் படத்தை மட்டும் பலகையில் அழிக்காமல் அடுத்த வகுப்புக்கு விட்டுவைத்தேன்.