மெட்ரிக்குக்குப் பிறகு: கணிதமா, இயற்பியலா?

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் மெட்ரிக் (12ஆம் வகுப்பு) படிக்கும் பிள்ளை இருக்கும் வீட்டில் இந்தப் பேச்சு வராமல் போகாது. இந்தியர்கள் அதிகம் வாழும் சாட்ஸ்வொர்த் பகுதியில் இருக்கும் சித்தப்பா யாராவது ஒருவர், "கணக்கு எடு, எங்க போனாலும் பொழைச்சுக்கலாம்" என்பார். வேலைவாய்ப்பை மட்டும் பார்த்தால் அவர் சொல்வதில் தப்பில்லை.

பிள்ளையின் மனம் எந்தப் பக்கம் என்று பார்க்க ஒரு வழி உண்டு. 12ஆம் வகுப்பு இயற்பியல் தாளோடு தரும் சூத்திரப் பட்டியலில் இடப்பெயர்ச்சிக்கு ஒன்று, திசைவேகத்துக்கு ஒன்று இருக்கும். முதலாவதை நேரத்தைப் பொறுத்து வகையிட்டால், அதாவது அது நேரத்தோடு மாறும் வீதத்தைக் கண்டால், இரண்டாவது வந்து விழும். வகையீடு அதே வருடம் கணித வகுப்பில் வருகிறது. ஆனால் இரண்டையும் சேர்த்துப் பார்க்கிற மாணவர்கள் குறைவு. செய்யச் சொல்லுங்கள். "முடுக்கம் மாறினால் என்ன ஆகும்?" என்று ஓடும் பந்து ஒன்றை நினைத்துப் பிள்ளை கேட்டால் இயற்பியல். "எந்தச் சார்புக்கெல்லாம் இது செல்லும்?" என்றால் கணிதம்.

இரண்டின் பலமும் பலவீனமும் நம் நாட்டுக் கதை ஒன்றிலேயே தெரிகிறது. ஜோஹன்னஸ்பர்க்கில் பிறந்த இயற்பியலாளர் ஆலன் கார்மாக், 1956இல் கேப் டவுனின் க்ரூட் ஸ்கூர் மருத்துவமனையில் பகுதி நேரமாக வேலை பார்த்தார். உடலின் குறுக்கே பல திசைகளில் கதிரைச் செலுத்தி, வெளியே வரும் அளவை மட்டும் வைத்து உள்ளே இருப்பதைக் கண்டுபிடிக்க முடியுமா? கணக்கைத் தானே போட்டார். அலுமினிய வட்டு, சுற்றிலும் மரவளையம், கோபால்ட்-60 கதிர் என்று சோதித்தபோது நடுவில் மட்டும் எண் கொஞ்சம் இடித்தது. விசாரித்தால், வட்டின் நடுவே செருகியிருந்த துண்டு வேறு வகை அலுமினியம்! இந்தச் சுகம் தாளில் கிடைக்காது.

ஆனால் அந்தக் கணக்கை ஆஸ்திரியக் கணிதவியலாளர் ராடோன் 1917லேயே தீர்த்துவிட்டிருந்தார். கார்மாக்குக்கு அது தெரிந்தது தன் கட்டுரைகள் வெளியாகிப் பல வருடம் கழித்துத்தான். இந்தக் கணக்கை அடிப்படையாகக் கொண்ட சி.டி. ஸ்கேனுக்காக 1979இல் கார்மாக்குக்கும் பிரிட்டிஷ் பொறியாளர் ஹவுன்ஸ்ஃபீல்டுக்கும் மருத்துவ நோபல். ராடோன் 1956லேயே காலமாகியிருந்தார்.

என் ஓட்டு இயற்பியலுக்கே. கேள்வி அங்கேதான் பிறக்கிறது. இருந்தாலும் நூலகத்தில் கிடக்கும் விடையை அடையாளம் காணக் கணிதம் வேண்டும். அதனால் பிஎஸ்சியில் இரண்டையும் மேஜராக (முதன்மைப் பாடமாக) எடுப்பதே நல்லது. சுமை கூடுதல்தான்.

10ஆம் வகுப்புப் பிள்ளை வைத்திருப்பவர்களுக்கு ஒன்று: மதிப்பெண்ணுக்குப் பயந்து, கணிதத்துக்குப் பதிலாக எடுக்கும் எளிய அன்றாடக் கணக்குப் பாடமான 'மேத்ஸ் லிட்'டுக்கு (Mathematical Literacy) மாற்றிவிட்டால் இந்த இரண்டு கதவும் சேர்ந்தே மூடிக்கொள்ளும்.