ஆளைத் தனியார் அடைத்து வைத்தால்: பொலிஸா, கொழும்பா, மட்டக்களப்பா?

ஆட்கொணர்வு மனு (அடைத்து வைத்திருக்கும் ஆளை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தக் கேட்கும் மனு) என்றதும் எங்கள் பக்கத்தில் இராணுவமும் காணாமல் போனவர்களும்தான் நினைவுக்கு வரும். கிழக்கு பட்ட பாடு அப்படி. ஆனால் இலங்கை அரசியலமைப்பின் 141 ஆவது உறுப்புரை தனியார் பிடித்து வைத்திருக்கும் ஆளையும் சேர்த்தே சொல்கிறது.

என் தங்கையின் மகன் வாகரைப் பக்கம் ஒரு மீன் வாடிக்கு (கரையோர மீன்பிடிக் கொட்டிலுக்கு) வேலைக்குப் போனான். முற்பணம் திரும்பி வராமல் விடமாட்டேன் என்று முதலாளி அவனுடைய அடையாள அட்டையையும் போனையும் வாங்கி வைத்துக்கொண்டு, இரவில் காவலும் போட்டார்.

அடிப்படை உரிமை மனு இதற்குச் சரிவராது. 126 ஆவது உறுப்புரை அரச நிர்வாகத்தின் செயல்களுக்கு மட்டும்தான். பொலிஸுக்கு முதலில் போகத்தான் வேண்டும். ஒருவரை அடைத்து வைப்பது தண்டனைச் சட்டக்கோவைப்படி குற்றம், அவர்கள் மனம் வைத்தால் அன்றைக்கே ஆள் வீட்டுக்கு வரலாம். எங்களுக்குக் கிடைத்த பதில், "கொடுக்கல் வாங்கல் பிரச்சினை, பேசித் தீருங்கோ." அப்படிச் சொன்னாலும் முறைப்பாட்டைப் பதியாமல் வரக்கூடாது. அந்தப் பிரதி பிறகு மனுவோடு போகும்.

மிச்சம் இரண்டு நீதிமன்றங்கள். கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் அதிகாரம் நாடு முழுக்கச் செல்லும். ஆளை நீர்கொழும்புக்கோ புத்தளத்துக்கோ மாற்றிவிட்டால் கிழக்கில் போடமுடியாது, கொழும்புக்கோ அந்த மாகாணத்து மேல் நீதிமன்றத்துக்கோதான் போகவேண்டும். 1987 இன் 13 ஆவது திருத்தம் அதே அதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் கொடுத்தது, ஆள் அந்த மாகாணத்துக்குள் இருக்கும்வரை. நாங்கள் மட்டக்களப்பில் போட்டோம். அம்பாறைக் கரையோரத்து ஆட்களுக்குக் கல்முனை இருக்கிறது.

என் கணக்கில் எந்த நீதிமன்றம் என்பதைத் தீர்மானிப்பது ஒன்றுதான்: வழக்குத் தவணைக்குத் தவணை தாய் வந்து நிற்க முடியுமா? எதிர்த்தரப்பு ஒவ்வொரு தவணையும் புதுக்கதை சொல்லும். "அவன் போய்விட்டான்", "விருப்பத்தோடுதான் நிற்கிறான்", "சம்பளம் கொடுத்தாயிற்று." அது பொய் என்று சட்டத்தரணியின் காதில் அந்த இடத்திலேயே சொல்ல வீட்டு ஆள் வேண்டும். களுவாஞ்சிகுடியில் காலை பஸ் ஏறினால் தங்கை நேரத்துக்கு வந்துவிடுவாள், வழக்கும் தமிழில் நடக்கும். கொழும்பென்றால் 300 கிலோமீற்றருக்கு மேல். இரவுப் பயணம், தங்குமிடம், அங்கே ஒரு சட்டத்தரணி. கூலி வேலை செய்யும் குடும்பம் இரண்டாம் தவணையிலேயே களைத்துவிடும். மேன்முறையீட்டு நீதிமன்றம் விசாரணையை ஊர்ப்பக்க நீதிமன்றத்துக்கு அனுப்பலாம் என்பது உண்மை. ஆனால் மனுவைப் போடுவதற்கு முதலில் கொழும்புக்குத்தானே போகவேண்டும்.

மனுவோடு கொடுக்கும் சத்தியக்கடதாசியில் (சத்தியம் செய்து எழுதும் வாக்குமூலத்தில்) இடத்தைத் துல்லியமாக எழுதுங்கள். "வாகரைப் பக்கம் ஒரு வாடி" என்று நாங்கள் கொடுத்ததைச் சட்டத்தரணி திருப்பித் தந்தார். பிறகு தங்கை கொப்பித் தாளில் வரைந்து காட்டினாள்: தேவாலயம், ஐஸ் போடும் இடம், அதைத் தாண்டி நீலத் தகரக் கூரை. நோட்டீஸ் போய்ச் சேருவதும், ஆள் மாகாணத்துக்குள் இருக்கிறான் என்று காட்டுவதும் அதில்தான் தங்கியிருக்கிறது.

முதலாளி அவனைக் கூட்டிவந்தார். நீதிபதி அவனிடமே கேட்டார், அவன் தாயோடு போகிறேன் என்றான். வயது வந்தவர் விருப்பத்தோடு இருக்கிறேன் என்று சொல்லிவிட்டால் மனு அந்த இடத்திலேயே முடிந்துவிடும். அதனால் போட முன்பு அவருடைய மனம் தெரிந்திருக்க வேண்டும். பிள்ளையை யார் வைத்திருப்பது என்ற வழக்குகளுக்கும் இந்த மனு போடுகிறார்கள், அதில் எனக்கு அனுபவம் இல்லை. பணவசதி இல்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் கேளுங்கள்.

இந்த மனு ஆளை மீட்டுத் தரும், அவ்வளவுதான். சம்பளப் பாக்கிக்குத் தொழில் திணைக்களத்தில் தனியாக முறைப்பாடு கொடுத்திருக்கிறோம். முற்பணம் உண்மையிலேயே பாக்கி என்றால் முதலாளி அதற்குச் சிவில் வழக்குப் போடட்டும்.