ட்ரைவ் ஷாப்ட் மாற்றக் கார் விடுகிறவர்கள் படித்துவிட்டுப் போங்கள்: காங்கேயம் பக்கம் எனக்கு நடந்தது

பதிவு கொஞ்சம் நீளம். ட்ரைவ் ஷாப்ட் என்பது கியர் பாக்ஸிலிருந்து முன்சக்கரத்துக்குச் சுழற்சியைக் கொண்டுபோகிற தண்டு, அதன் இரண்டு முனையிலும் மடங்கித் திரும்புகிற ஜாயிண்ட் இருக்கும். ஸ்விப்ட், டிசையர், ஐ10 மாதிரி இன்ஜின் முன்சக்கரத்தை ஓட்டுகிற கார் வைத்திருப்பவர்கள் பொறுமையாகப் படியுங்கள். பட்டறையின் பெயரைப் போடவில்லை. புகார் கொடுத்திருக்கிறேன், அது அதன் வழியில் நடக்கட்டும்.

என் வண்டி 2014 ஸ்விப்ட், பெட்ரோல். போன மாதம் ஸ்டீயரிங்கை முழுக்க ஒடித்துத் திருப்பினால் இடது முன்சக்கரப் பக்கம் டக் டக் டக் என்று சத்தம் வர ஆரம்பித்தது. குனிந்து பார்த்தால் சக்கரத்தின் உட்புறமெல்லாம் கருப்புக் கிரீஸ் தெறித்துக் கிடந்தது. ஷாப்ட்டின் வெளிமுனை ஜாயிண்ட்டை மூடியிருக்கும் ரப்பர் உறை, அதாவது பூட், கிழிந்து, கிரீஸ் வெளியே போய், மண் உள்ளே புகுந்து ஜாயிண்ட் தேய்ந்துவிட்டது. எங்கள் தோட்டத்துப் பாதை முழுக்கப் புழுதி. பூட் கிழிந்து எத்தனை நாள் ஓட்டினேனோ தெரியாது. அதற்கு யாரையும் குறை சொல்ல மாட்டேன்.

தாராபுரம் ரோட்டில் ஒரு பட்டறையில் விட்டேன். "ஷாப்ட் செட்டாவே மாத்தீரலாங்ணா, சாயங்காலம் வந்து எடுத்துக்கங்க" என்றார் ஓனர். பொருளும் கூலியும் சேர்த்து 8,500 ரூபாய் என்று பேச்சு. சாயங்காலம் போனால், "நாளைக்குங்ணா, வேலை கொஞ்சம் இழுத்துருச்சு" என்றார். ஏன் இழுத்தது என்று நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. மறுநாள் மதியம் வண்டி கைக்கு வந்தது. பில் கேட்டதற்குத் துண்டுச் சீட்டில் தொகையை மட்டும் எழுதிக் கொடுத்தார். பழைய ஷாப்ட்டைக் கேட்டேன். "அது அப்பவே காயலான் கடைக்குப் போயிருச்சுங்ணா." நேற்றுத்தான் கழற்றிய பொருள் இன்று மதியத்துக்குள் எப்படிக் காயலான் கடைக்குப் போகும் என்று அப்போது யோசிக்கவில்லை. சத்தம் நின்றிருந்தது, அது போதும் என்று கிளம்பிவிட்டேன்.

மூன்றாம் நாள் காலை வாசல் கூட்டிக்கொண்டிருந்த அம்மா கூப்பிட்டார். "கண்ணு, வண்டிக்கு அடியில எண்ணெயாட்டம் என்னமோ கெடக்குது, வந்து பாரு." தொட்டு முகர்ந்தேன். இன்ஜின் ஆயில் வாசம் இல்லை, மூக்கில் ஏறுகிற கந்தக வாசம். கியர் ஆயில். உடனே பட்டறைக்குப் போன் போட்டேன். "புது சீலுங்ணா, ரெண்டு நாளைக்கு அப்படித்தான் கசியும், அப்புறம் செட்டாயிரும், தைரியமா ஓட்டுங்க."

இந்த ஒரு வாக்கியத்தை யார் சொன்னாலும் நம்பாதீர்கள். ஆயில் சீல் என்பது ஷாப்ட் நுழைகிற துளையில் ஆயில் வெளியேறாமல் அடைக்கிற ரப்பர் வளையம், அது சரியாக உட்கார்ந்திருந்தால் முதல் நாளே கசியாது. கசிந்தால் சீல் அடிபட்டிருக்கிறது, அல்லது அது உட்காரும் இடம் அடிபட்டிருக்கிறது.

நான் நம்பினேன். அடுத்த செவ்வாய்க்கிழமை அம்மாவைக் கண் செக்கப்புக்காகக் கோயம்புத்தூர் கூட்டிக்கொண்டு கிளம்பினேன். பல்லடம் தாண்டியதும் ஐந்தாவது கியரில் ஊளையிடுகிற மாதிரி ஒரு சத்தம். காரணம்பேட்டைக்குப் பக்கத்தில் ஒரு வேகத்தடையில் இறங்கி ஏறினேன், அடியில் படார் என்றது. ஆக்ஸிலேட்டரை மிதித்தால் இன்ஜின் கத்துகிறது, வண்டி இழுக்கவில்லை. கியர் மாற்றினாலும் அதே கதை. பின்னால் ஜல்லி ஏற்றிய டிப்பர் ஏர் ஹாரனை அடித்துக்கொண்டே வருகிறது. அந்தப் பக்கம் ஓட்டுகிறவர்களுக்குத் தெரியும், கிரஷர் லாரிகள் ஒன்றன்பின் ஒன்றாக வரும். இருந்த வேகத்திலேயே இடது ஓரமாக உருட்டிவிட்டேன். அம்மா மருந்துப் பையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு ஒரு வார்த்தை பேசாமல் உட்கார்ந்திருந்தார். அந்த முகம் இன்னும் என் கண்ணுக்குள் இருக்கிறது. இந்தப் பதிவை எழுதுவதே அதனால்தான்.

நடந்தது இதுதான். இடது ஷாப்ட் கியர் பாக்ஸிலிருந்து நழுவி வெளியே வந்துவிட்டது. ஒரு பக்க ஷாப்ட் பிடி விட்டால் இரண்டு சக்கரத்துக்கும் சுழற்சியைப் பிரித்துக் கொடுக்கிற டிபரன்ஷியல் அதை எல்லாம் அந்தக் காலிப் பக்கமே தள்ளிவிடும், வலது சக்கரத்துக்கும் இழுவை போகாது. நல்ல ரோட்டில் நின்ற இடத்தில் நிற்க வேண்டியதுதான்.

மச்சானுக்குத் தெரிந்த ஒரு மெக்கானிக் சூலூர்ப் பக்கம் இருக்கிறார், அறுபது வயதுக்கு மேல். வண்டியைக் கட்டி இழுத்துக்கொண்டு அங்கே போனோம். அவர் தூக்கி வைத்து, டார்ச் அடித்து, என்னையும் கீழே வரச்சொல்லிக் காட்டினார்.

கியர் பாக்ஸில் ஷாப்ட் உள்ளே நுழைகிற துளையின் விளிம்பில் கட்டைவிரல் நகம் அளவுக்கு அலுமினியம் உடைந்து போயிருந்தது. அந்த இடத்தில் சாம்பல் நிறப் பசையை அப்பி, மேலே ஆயில் கறையைத் தடவி மறைத்திருந்தார்கள். அவர் ஸ்க்ரூ டிரைவர் முனையால் லேசாக நெம்பினார், பசை ஒரே துண்டாகக் கழன்று அவர் உள்ளங்கையில் விழுந்தது. அதன் அடிப்பக்கத்தில் உடைந்த விளிம்பின் அச்சு அப்படியே பதிந்திருந்தது. சீலின் உதடு ஒரு பக்கம் அறுந்து தொங்கியது. டிரெயின் போல்ட்டைத் திறந்தார். இரண்டு லிட்டருக்குமேல் இருக்க வேண்டிய ஆயில் ஒரு டம்ளர்கூட வரவில்லை. வந்ததிலும் மினுமினு என்று இரும்புத்தூள்.

"ஷாப்ட் கழட்டறப்ப மாட்டிக்கறது சகஜந்தானுங் தம்பி. எனக்கும் மாட்டும். மாட்டிக்கிச்சுன்னு உங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லோணும். ஒடைச்சுப்போட்டு, பசை வெச்சு, குடும்பத்தோட ரோட்டுல அனுப்பறாங்க பாருங்க, அதைத்தான் பொறுக்க முடியறதில்லை" என்றார்.

அவர் விளக்கியதை எழுதுகிறேன். ஷாப்ட்டின் உள்முனையில் பல்லுப் பல்லாக இருக்கும், அதில் ஒரு காடி. காடிக்குள் ஒரு சின்னக் கம்பி வளையம், சர்க்லிப். பட்டறையில் லாக் என்பார்கள். ஷாப்ட்டை உள்ளே தள்ளும்போது வளையம் சுருங்கிப் போய், உள்ளே விரிந்து கவ்விக்கொள்ளும். கழற்றும்போது அது மறுபடி சுருங்க வேண்டும். சுருங்க மறுத்தால் மாட்டல். அப்போது ஷாப்ட்டைக் கொஞ்சம் சுற்றிவிட்டு, வளையத்தின் வாய் வேறு பக்கம் வந்ததும் மறுபடி நெம்ப வேண்டும். ஒரே பக்கம் அழுத்தினால் ஷாப்ட் சாய்ந்து இன்னும் இறுகும். அதனால் எதிரெதிராக இரண்டு லீவர், உள் ஜாயிண்ட்டின் கிண்ணம் மாதிரியான வெளிப்பாகத்துக்கும் கியர் பாக்ஸுக்கும் நடுவில், விளிம்பில் படாமல் கனமான இடத்தில் தாங்கல் கொடுத்து, வெடுக்கென்று ஒரு நெம்பு. மெதுவாகத் தொங்கினால் வராது. அதற்கும் வரவில்லை என்றால் கிண்ணத்தின் பின்னால் மாட்டுகிற கவை வைத்த இழுப்புச் சுத்தி இருக்கிறது. ஒரு கம்பியில் கனமான இரும்பு ஓடும், அதைப் பின்னால் அடித்தால் நேராக இழுக்கும்.

ஷாப்ட்டின் நடுத்தண்டைப் பிடித்து இழுக்கவே கூடாது. உள் ஜாயிண்ட்டில் மூன்று உருளைகள் கிண்ணத்துக்குள் ஓடுகின்றன. இழுத்தால் உருளைகள் கழன்று தண்டு மட்டும் கைக்கு வரும், கிண்ணம் பாக்ஸிலேயே நிற்கும். என் வண்டியில் அதுதான் நடந்திருக்கும் என்பது அவர் கணிப்பு. தண்டு தனியாக வந்ததும் பயந்துபோய்க் கடப்பாரையை விளிம்பில் கொடுத்துச் சம்மட்டியால் அடித்திருக்கிறார்கள். பழைய ஷாப்ட் ஏன் கிடைக்கவில்லை என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. அந்தக் கிண்ணத்தில் அடித்த காயமெல்லாம் இருந்திருக்கும்.

புது ஷாப்ட் நழுவியதற்கும் காரணம் கிடைத்தது. அதில் மாட்டியிருந்த லாக், நசுங்கிய பழைய லாக். சில ரூபாய்ச் சாமான். புதிதாகப் போடாமல் விட்டதால் கவ்வவே இல்லை.

உடைந்த விளிம்பை ஆர்கான் வெல்டிங் வைக்கலாமா என்று கேட்டேன். சீல் உட்காரும் வட்டம் சூட்டில் கோணிக்கொள்ளும், மறுபடி லேத்தில் கடைய வேண்டும், அப்புறமும் உத்தரவாதம் இல்லை என்றார். கோயம்புத்தூர் உக்கடத்துப் பழைய பார்ட்ஸ் கடையில் ஹவுசிங், அதாவது கியர் பாக்ஸின் வெளிக்கூடு, தேடி எடுத்தோம். பேரிங் செட், இரண்டு சீல், ஐந்தாவது கியர், ஆயில், கூலி எல்லாம் சேர்த்து 27,400 ரூபாய். பன்னிரண்டு நாள் வண்டி இல்லை.

உடைந்த இடத்தின் படங்களை எடுத்துக்கொண்டு பழைய பட்டறைக்குப் போனேன். "பழைய வண்டிங்ணா, துரு ஏறி மாட்டிக்கிச்சு, நாங்க என்ன பண்றது" என்றார் ஓனர். வெளிமுனை, சக்கரம் மாட்டுகிற ஹப்புக்குள் துரு ஏறலாம், அது வேறு. உள்முனை எப்போதும் ஆயிலிலேயே நனைந்துகொண்டிருப்பது, அங்கே ஏது துரு? இதைக் கேட்டதும் பேச்சு மாறியது. "கூலி 2,000 வேணும்னா திருப்பித் தர்றேன், பேசி முடிச்சுக்கலாம்" என்றார். வாங்கவில்லை. நுகர்வோர் உதவி எண் 1915க்கு அழைத்துப் புகாரைப் பதிந்தேன். அடுத்து மாவட்ட நுகர்வோர் ஆணையம். சம்பவம் நடந்து 2 வருடத்துக்குள் போகலாம், 5 லட்சத்துக்குள் கொடுத்த பணத்துக்குக் கட்டணமும் இல்லை. என்னிடம் இருப்பது அந்தத் துண்டுச் சீட்டும், பணம் போட்ட யுபிஐ விவரமும், சூலூர் மெக்கானிக் எழுதிக் கொடுத்த கடிதமும், படங்களும்தான். முறையான பில் ஒன்று வாங்கியிருந்தால் இத்தனை அலைச்சல் இருந்திருக்காது.

ஷாப்ட் வேலைக்கு வண்டி விடும்போதே சொல்லிவிடுங்கள்: மாட்டிக்கொண்டால் அடிப்பதற்கு முன் எனக்குப் போன் செய்ய வேண்டும், பழைய சாமான் என் டிக்கியில் இருக்க வேண்டும், லாக்கும் சீலும் ஹப் நட்டும் புதிது, பில்லில் தனித்தனியாக எழுத வேண்டும். கியர் ஆயிலைப் பக்கவாட்டுத் துளையில் வழிகிற வரைக்கும் ஊற்றுவதை நின்று பாருங்கள். இதற்கு முகம் சுளிக்கிற பட்டறை என்றால் சாவியைக் கொடுக்காமல் திரும்பிவிடுங்கள்.

ஏற்கனவே சமீபத்தில் மாற்றியவர்கள் இன்று ராத்திரி வண்டிக்கு அடியில், முன்சக்கரங்களுக்கு நடுவே, ஒரு வெள்ளை அட்டையை விரித்து வையுங்கள். காலையில் ஒரு சொட்டு ஆயில் இருந்தாலும் வண்டியை எடுக்காதீர்கள், மெக்கானிக்கை வீட்டுக்கு வரச்சொல்லுங்கள்.