1,800 வெள்ளி போச்சு: கண்ணசைவு சிகிச்சைக்குப் பேக்கேஜ் விற்கிறவர்களிடம் கவனம்

விரைவுச்சாலை விபத்துக்குப் பிறகு என் மனைவிக்குக் காரில் ஏறினாலே நடுக்கம். பேரங்காடி ஒன்றின் மேல்மாடியில் இருக்கும் மனநல நிலையத்தில் இஎம்டிஆர், அதாவது கண்ணை இடமும் வலமுமாக அசைக்கவைத்து அதிர்ச்சி நினைவை ஆற்றும் சிகிச்சை, செய்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனோம். பேக்கேஜ் 1,800 வெள்ளி, அதுவும் அன்றைக்கே கட்டினால்தான் அந்த விலையாம்.

சிகிச்சை தரும் அந்தம்மா தமிழில் பேசினார், அதுதான் எங்களைச் சாய்த்தது. மனசுக்குள் இருப்பதைத் தமிழில் கேட்க இங்கே சிங்கப்பூரில் ஆள் கிடைப்பது லேசா? கையைப் பிடித்துக்கொண்டு, "கவலைய விடுங்கக்கா, மூணே தடவைல நீங்களே கார் ஓட்டுவீங்க" என்றார். விபத்துக்கு அப்புறம் என் மனைவி வாய்விட்டு அழுதது அன்றுதான். அவள் கண்ணைத் துடைப்பதற்குள் பணம் கட்டும் பேநவ் கியூஆர் அட்டை மேசைக்கு வந்துவிட்டது.

முதல் நாளே டேப்லெட்டில் ஒரு பச்சைப் புள்ளியை இடமும் வலமுமாக ஓடவிட்டு, "மோதின நொடிய நினைங்க" என்று சொல்லிவிட்டுத் தன் போனில் யாருக்கோ மெசேஜ் தட்டிக்கொண்டிருந்தார். இவளுக்கு மூச்சு முட்டியது. "டைம் முடிஞ்சிருச்சு" என்று அனுப்பிவிட்டார். இப்போது பேருந்தில் ஏறவும் பயப்படுகிறாள்.

பலதுறை மருந்தகம் வழியாக மருத்துவமனை உளவியலாளரைப் பார்த்த பிறகுதான் விவரம் தெரிந்தது. சிகிச்சை பொய்யில்லை. 1980களின் கடைசியில் பிரான்சின் ஷப்பிரோ என்ற அமெரிக்க உளவியலாளர் உருவாக்கியது, அதிர்ச்சிக்குப் பிந்தைய மனஉளைச்சலுக்கு (பிடிஎஸ்டி) உலகச் சுகாதார நிறுவனமே 2013இல் பரிந்துரைத்தது. ஆனால் மொத்தம் எட்டுக் கட்டம். முதலில் முழு வரலாறும் கேட்பார்கள், பிறகு பதற்றம் வந்தால் அடக்கிக்கொள்ளப் பழக்குவார்கள், அதற்கப்புறம்தான் விபத்து நினைவையே தொடுவார்கள். எங்களுக்கு நேராகப் புள்ளி!

பணத்தைத் திருப்பிக் கேட்டால், "உள்ள இருக்கிற பயம் வெளியேறுது சார், நல்ல அறிகுறி" என்று பதில். அப்புறம் மேனேஜர் ஊரில் இல்லை. அப்புறம் வாட்ஸ்அப்பில் நீல டிக் மட்டும். கடைசியாக ஒரு நாள், மீதிப் பணத்தைக் கால் மசாஜுக்கு மாற்றித் தரலாமாம். 1,800 வெள்ளிக்குக் கால் மசாஜ்! இருக்கிற கோபத்துக்கு இதோடு விடப்போவதில்லை, சிறு தொகை வழக்குகளை விசாரிக்கும் ஸ்மால் கிளைம்ஸ் தீர்ப்பாயத்தில் போடுகிறேன்.

இங்கே யாரும் தெரப்பிஸ்ட் என்று பலகை மாட்டிக்கொள்ளலாம், அதனால் எங்கே படித்தார், யார் மேற்பார்வையில் பழகினார் என்று முகத்துக்கு நேராகக் கேளுங்கள். பேக்கேஜ் வேண்டவே வேண்டாம், ஒவ்வொரு முறையாகக் கட்டுங்கள். சிலந்தி, உயரம் மாதிரி பயத்துக்கு இதையே விற்றால், பயப்படும் பொருளைக் கொஞ்சம் கொஞ்சமாக எதிர்கொள்ள வைக்கும் சிகிச்சைக்குத்தான் ஆதாரம் அதிகம், அதை முதலில் விசாரியுங்கள். வாட்ஸ்அப் உரையாடலை அழிக்காதீர்கள்.