அரச சட்டவாதியா, சொந்தத் தொழிலா? திருகோணமலைப் பிள்ளைகளுக்காக ஓர் அலசல்

உயர் நீதிமன்றத்தில் சத்தியப்பிரமாணம் செய்துகொண்டு ஊர் திரும்பும் இளம் சட்டத்தரணியிடம் திருகோணமலையில் எல்லோரும் கேட்பது, "எந்தச் சேரிடம் (மூத்த சட்டத்தரணியிடம்) கனிஷ்டராகச் சேரப் போகிறாய்?" என்பதுதான். அரசின் சார்பில் குற்றவழக்குகளை நடத்தும் அரச சட்டவாதிகள் பணிபுரியும் சட்டமா அதிபர் திணைக்களத்துக்கு விண்ணப்பிக்கிறாயா என்று கேட்பவர்கள் குறைவு. கேட்பவர்களும், "அது கொழும்பு வேலை, நமக்குச் சரிவராது" என்று தாங்களே முடித்துவிடுகிறார்கள். குற்றவியல் வழக்குகளில் உண்மையான நாட்டமுள்ள தமிழ் பேசும் பிள்ளைக்கு அந்தத் திணைக்களமே முதல் தெரிவாக இருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அதன் பாரங்களையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

நீதவான் நீதிமன்றத்தில் பெரும்பாலான வழக்குகளைப் பொலிசாரே நடத்துகிறார்கள். கொலை, பாலியல் வன்புணர்வு போன்ற பாரதூரமான குற்றங்களில் விசாரணைக் கோவை (ஆவணக் கட்டு) கொழும்பு புதுக்கடையிலுள்ள அந்தத் திணைக்களத்துக்குப் போகிறது. அங்கே ஓர் அரச சட்டவாதி அதைப் படித்து, சான்று போதுமா, எந்தப் பிரிவின் கீழ் குற்றம் சுமத்துவது, யார் யாரைச் சாட்சியாக அழைப்பது என்று ஆராய்கிறார். குற்றப்பத்திரம் மேல் நீதிமன்றத்துக்கு வந்த பிறகு வழக்கை நடத்துபவரும் ஓர் அரச சட்டவாதியே. இரண்டு கிராம் ஹெரோயின் வைத்திருந்த குற்றம் நிரூபிக்கப்பட்டால் மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை. 1976க்குப் பிறகு இந்நாட்டில் யாரும் தூக்கிலிடப்படவில்லை என்றாலும், அந்தத் தண்டனையைக் கோரி எழுந்து நிற்பவர் முப்பது வயதுகூட நிரம்பாதவராக இருக்கலாம். சொந்தத் தொழிலில் அந்த வயதில் இப்படியொரு பொறுப்பு கைக்கு வராது.

சொந்தத் தொழிலின் முதல் ஆண்டுகள் பெரும்பாலும் சேருக்காகத் தவணை கேட்பதிலும், பிணை விண்ணப்பம் தயாரிப்பதிலும், பராமரிப்பு வழக்குகளிலும் கழியும். பிறகு காணி வழக்குகள் வரும். திருகோணமலையில் அவற்றுக்குப் பஞ்சமே இல்லை. இடம்பெயர்ந்து திரும்பியவர்களின் காணிக்குள் வேறொருவர் குடியிருப்பார், காணி உறுதிப் பத்திரம் தொலைந்திருக்கும், அனுமதிப்பத்திரக் காணிக்கு இரண்டு பேர் உரிமை கோருவார்கள். உறுதி எழுதும் நொத்தாரிசு வேலையும் சேர்ந்தால் வருமானம் நிலைத்துவிடும். வீடு பக்கத்தில், பெற்றோர் பக்கத்தில். இதைச் சிறுமைப்படுத்த எனக்கு மனமில்லை. ஏழைக் குடும்பத்தின் ஒரேயொரு காணித் துண்டைக் காப்பாற்றிக் கொடுப்பது பெரிய காரியம். ஆனால் இந்த வேலைக்கு நகரில் ஆட்கள் இருக்கிறார்கள். தமிழில் ஒரு சாட்சி சொல்வதை நேரே கேட்டு விளங்கிக்கொள்ளும் அரச சட்டவாதிகள்தான் போதாது.

அது ஏன் முக்கியம் என்பதைக் குறுக்குவிசாரணையின் ஒரு சில நிமிடங்களில் காணலாம். மூதூர்ப் பக்கத்துத் தாய் ஒருவர் சாட்சிக் கூண்டில் நிற்கிறார் என்று வைத்துக்கொள்வோம். சம்பவம் நடந்து பல ஆண்டுகள். எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கேட்கிறார்: "வீட்டு வாசலில் விளக்கு எரிந்தது என்று இன்று சொல்கிறீர். அன்று பொலிசில் அதைச் சொன்னீரா?" "சொன்னேன் ஐயா." "உமது வாக்குமூலத்தில் அப்படி ஒரு வரி இல்லை என்று நான் சொல்கிறேன்." தாய் மௌனமாகிறார். விளக்கு இல்லையென்றால் எதிரியை (குற்றஞ்சாட்டப்பட்டவரை) அடையாளம் கண்டதும் சந்தேகத்துக்குரியதாகிவிடும். அந்தச் சட்டத்தரணி அந்த விடுபடலைக் குறித்துக்கொண்டு அமர்கிறார். அது அவருடைய கடமை, அதில் தவறில்லை. இப்போது அதே சாட்சியிடம் மீண்டும் கேள்வி கேட்கும் மீள்விசாரணைக்கு எழ வேண்டியவர் அரச சட்டவாதி. அந்த வாக்குமூலத்தை எழுதியவர் யார், அவருக்குத் தமிழ் தெரியுமா, எந்த மொழியில் எழுதினார், எழுதியதை அந்தத் தாய்க்கு வாசித்துக் காட்டினார்களா, விளங்காமலேயே கையொப்பம் வைத்தாரா என்பவை இரண்டு மூன்று கேள்விகளில் வெளிவர வேண்டும். தமிழில் சொன்னது சிங்களத்தில் எழுதப்பட்ட வாக்குமூலங்கள் வடக்கு கிழக்கில் ஏராளம். உரைபெயர்ப்பாளர் வழியாகக் கேட்பவர் இந்தக் கேள்விகளைத் தவறவிட வாய்ப்பு அதிகம். அந்தத் தாயின் தயக்கத்தையே நேரே கேட்டுக்கொண்டிருப்பவருக்கு அவை உடனே தோன்றும். கோவை புதுக்கடையில் மேசைமேல் இருக்கும்போதே இதைக் கண்டுபிடிப்பவர் கிடைத்தால் இன்னும் நல்லது.

இனிப் பாரங்கள். முதலாவது, இடமாற்றம். கொழும்பு சுமார் 260 கிலோமீற்றர் தூரம். சொந்த ஊரில் பணி கிடைக்கும் என்று நம்பிச் சேரக்கூடாது. கிடைத்தாலும் அயலவர், உறவினர் சம்பந்தப்பட்ட வழக்குகளில் விலகி நிற்க வேண்டிவரும். திருமணம், பிள்ளைகள் என்று வரும்போது, அதிலும் பெண்களுக்கு, இது கடினமான கணக்கு. சம்பளம் மாதா மாதம் வரும், ஆனால் தனிப்பட்ட கட்சிக்காரரை ஏற்க முடியாது. கூடப் படித்தவர் ஊரில் வீடு கட்டி முடிக்கும்போது நீங்கள் கொழும்பில் வாடகை அறையில் இருப்பீர்கள்.

இரண்டாவது பாரம் இதைவிடக் கனமானது. சட்டமா அதிபர் அரசாங்கத்தின் சட்ட ஆலோசகர், அவரே குற்றவழக்குகளைத் தொடுப்பவரும். அரசின் ஆட்களே எதிரிக் கூண்டில் நிற்கும்போது இந்த இரண்டு வேடங்களும் மோதுகின்றன. 1973ஆம் ஆண்டின் நீதி நிருவாகச் சட்டம் வழக்குத்தொடுப்புக்குத் தனிப் பணிப்பாளரை ஏற்படுத்தியது. அந்த ஏற்பாடு அந்தப் பத்தாண்டைக்கூடத் தாண்டவில்லை. இதன் விளைவைத் திருகோணமலைக்கு யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. 2006 ஜனவரி 2 அன்று காந்தி சிலைக்கு அருகே கடற்கரையில் ஐந்து மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். முக்கிய சாட்சிகளில் சிலர் அச்சத்தால் நாட்டைவிட்டே போனார்கள். 2019 ஜூலையில் போதிய சாட்சியம் இல்லையென்று, சந்தேகநபர்களான அரச படையினர் 13 பேரையும் நீதவான் நீதிமன்றம் விடுவித்தது. 1996 பெப்ரவரியில் திருகோணமலை மாவட்டத்துக் குமாரபுரம் கிராமத்தில் நடந்த படுகொலை பற்றிய வழக்கு அநுராதபுரத்துக்கு மாற்றப்பட்டது. கிராமத்து மக்கள் அவ்வளவு தூரம் போய்ச் சாட்சி சொன்னார்கள். 2016 ஜூலையில் ஜூரிகள் ஆறு முன்னாள் இராணுவத்தினரையும் குற்றவாளிகள் அல்லர் என்றார்கள்.

இவற்றைக் காட்டித்தான் பலர், "அங்கே போய் என்ன செய்யப் போகிறாய்?" என்கிறார்கள். அந்தக் கோபம் எனக்கும் உண்டு. ஆனால் அதிலிருந்து நான் எடுக்கும் முடிவு வேறு. பாதிக்கப்பட்ட குடும்பத்தின் சார்பில் நிற்கும் சட்டத்தரணி எவ்வளவு திறமைசாலியாக இருந்தாலும், குற்றப்பத்திரத்தை எழுதுவது அவருடைய கை அல்ல. சாட்சிகளுக்கு உதவவும் பாதுகாப்பளிக்கவும் 2015இல் ஒரு சட்டமும் அதன் இடத்தில் 2023இல் புதிய சட்டமும் வந்தன. அச்சப்படும் சாட்சிக்கு அந்தப் பாதுகாப்பை நேரத்தோடு பெற்றுக்கொடுக்க, அவர் சொல்வதைப் பொறுமையாகக் கேட்கும் ஒருவர் வழக்குத்தொடுப்பின் உள்ளேயே இருக்க வேண்டும்.

போனால் திரும்ப முடியாது என்ற பயமும் தேவையில்லை. சட்டமா அதிபருக்கு அடுத்த பதவியான சொலிசிட்டர் ஜெனரலாக இருந்த எம். திருச்செல்வம் 1965இல் உள்ளூராட்சி அமைச்சரானார். கோணேஸ்வரத்தைப் புனிதப் பிரதேசமாக்குவது பற்றி ஆராய அவர் அமைத்த குழுவைப் பிரதமர் நிறுத்தியபோது, 1968இல் பதவியைத் துறந்தார். 1976இல் தமிழ்த் தலைவர் அமிர்தலிங்கம் மீதான விசேட நீதிமன்ற வழக்கில் எதிரிக்காக வாதாடிய சட்டத்தரணிகளின் வரிசையிலும் நின்றார். இன்றும் நாட்டின் முன்னணிக் குற்றவியல் சட்டத்தரணிகள் பலர் அந்தத் திணைக்களத்தில் பழகியவர்களே. அங்கிருந்து சொந்தத் தொழிலுக்கு எப்போதும் வரலாம். எதிர்த்திசையில் வயதெல்லை குறுக்கே நிற்கிறது. இந்த ஒரு வேறுபாடே என்னைப் பொறுத்தவரை தராசைச் சாய்த்துவிடுகிறது.

நீதிச் சேவை மூன்றாவது வழி. மதிப்புண்டு, உத்தியோகபூர்வ இல்லம் உண்டு, இடமாற்றமும் உண்டு. ஆனால் நீதவான் தன் முன் கொண்டுவரப்படும் சான்றை மட்டுமே எடைபோட முடியும், கொண்டுவரப்படாததைத் தேடிப் போக முடியாது. எழுந்து நின்று வழக்கு நடத்தும் ஆசையுள்ளவர்கள் அதைப் பிறகு யோசிக்கலாம். மேல் நீதிமன்ற நீதிபதிகளும் மேன்முறையீட்டு நீதிமன்ற நீதிபதிகளும் சட்டமா அதிபர் திணைக்களத்திலிருந்தும் நியமிக்கப்படுகிறார்கள்.

வர்த்தமானியில் விளம்பரம் வரும்வரை சும்மா இருக்க வேண்டாம். குற்றவழக்கு நடத்தும் ஒரு சேரிடம் சேர்ந்து மூதூருக்கும் கந்தளாய்க்கும் அவரோடு போய் வாருங்கள். சட்ட வைத்திய அதிகாரியின் அறிக்கையை வாசிக்கப் பழகுங்கள். கொழும்பில் கோவைகளும் ஆலோசனைகளும் பெரும்பாலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் நகர்வதால் அந்த இரண்டையும் எழுதும் அளவுக்குக் கற்றுக்கொள்ளுங்கள். நேர்முகத் தேர்வில் ஏன் வந்தீர்கள் என்று கேட்டால், மேல் நீதிமன்றத்தில் நீங்கள் கண்ட ஒரு குறுக்குவிசாரணையைப் பற்றிச் சொல்லுங்கள்.